திருநர்களும் பால்புதுமையினர் வரலாறும்: கொழும்புத் தமிழர் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை, வத்தளை என்று கொழும்பிலும் அதைச் சுற்றியும் வாழும் தமிழ் பேசுவோரிடமிருந்து வரும் கேள்விகள் இவை. கேட்பவர்களில் பெற்றோர், ஆசிரியர், மாணவர், திருநர்கள் எல்லோரும் உண்டு. ஆவணம் மாற்றும் வழி மட்டும் தேவைப்படுபவர்கள் வரலாற்றுப் பகுதியைத் தாண்டிப் போகலாம்.

தன்பாலீர்ப்பு வேறு, திருநராக இருப்பது வேறு. இரண்டையும் ஏன் எல்.ஜி.பி.டி.கியூ. என்று சேர்த்துப் பேசுகிறீர்கள்?

இரண்டும் வேறுதான். எல்.ஜி.பி.டி.கியூ. என்பது தன்பாலீர்ப்பாளர், இருபாலீர்ப்பாளர், திருநர், பால்புதுமையினர் (குவியர்) எல்லோரையும் சேர்த்துச் சொல்லும் ஆங்கிலச் சுருக்கம். தன்பாலீர்ப்பு, யார் மீது மனம் போகிறது என்பது பற்றியது. திருநர் என்பது, ஒருவர் தன்னை ஆணாகவோ பெண்ணாகவோ இரண்டுக்கும் அப்பாலோ உணர்வது பற்றியது. ஒரு திருநங்கைக்கு ஆண் மீது ஈர்ப்பு இருக்கலாம், பெண் மீது இருக்கலாம், யார் மீதும் இல்லாமலும் இருக்கலாம்.

ஆனால் தெருவில் மறிக்கும் பொலிஸ்காரர் இந்த வேறுபாட்டைப் பார்த்து மறிப்பதில்லை. கண்ணுக்குத் தெரிபவரைத்தான் பிடிக்கிறார். தன்பாலீர்ப்புள்ள ஓர் அலுவலக ஊழியர், யாருக்கும் தெரியாமல் ஓய்வுபெறும் வரை வேலை செய்துவிட்டுப் போய்விடலாம். திருநங்கை ஒருவர் 100ஆம் இலக்க பஸ்ஸில் ஏறி இறங்குவதற்குள் பத்துப் பேர் திரும்பிப் பார்த்துவிடுவார்கள். அடி முதலில் விழுந்த இடத்திலிருந்துதான் எதிர்ப்பும் முதலில் கிளம்பியது. இந்த வரலாற்றில் திருநர்களின் இடம் என்ன என்று கேட்டால், எங்கள் பதில் இதுதான்: அவர்கள் பின்னால் வந்து சேர்ந்துகொண்டவர்கள் அல்ல, முன்வரிசையில் நின்றவர்கள்.

நியூயோர்க்கின் ஸ்டோன்வோல் கலவரத்தில் முதல் கல்லை எறிந்தவர் திருநர் செயற்பாட்டாளர் மார்ஷா பி. ஜோன்சன் என்று படித்தோம். உண்மையா?

அப்படிச் சொல்ல ஆதாரம் இல்லை. தான் போய்ச் சேர்ந்தபோது கலவரம் ஏற்கெனவே தொடங்கியிருந்தது என்று மார்ஷாவே ஒரு நேர்காணலில் சொல்லியிருக்கிறார். முதலில் எறிந்தவர் யார் என்று எவராலும் உறுதியாகச் சொல்ல முடியாது. சமூக ஊடகங்களில் பரவும் "முதல் கல்" கதையை வகுப்பிலோ மேடையிலோ சொல்லாதீர்கள். கேட்பவர் ஒருவர் அதைப் பொய்யென்று காட்டிவிட்டால் மீதி உண்மையையும் நம்பமாட்டார்கள்.

உறுதியாகத் தெரிந்தது இது. 1969 ஜூன் 28 அதிகாலை, நியூயோர்க்கின் கிறிஸ்டோபர் வீதியில் இருந்த ஸ்டோன்வோல் இன் என்ற மதுக்கடையில் பொலிஸார் புகுந்தார்கள். அந்தக் காலத்துச் சோதனைகளில் ஒரு வழமை இருந்தது: பெண் உடையில் இருப்பவர்களைக் கழிவறைக்கு அழைத்துப்போய், பெண் பொலிஸாரைக் கொண்டு உடலைப் பார்ப்பார்கள், "ஆண்" என்று முடிவானால் கைது. அன்று அந்தச் சோதனைக்குப் போக அவர்கள் மறுத்தார்கள். வெளியே கூட்டம் கூடியது, சில நாட்கள் மோதல் நீடித்தது. அதன் முதலாம் ஆண்டு நினைவாக 1970இல் நடந்த ஊர்வலமே இன்று உலகெங்கும் ஜூன் மாதத்தில் நடக்கும் பிரைட் (பெருமித) ஊர்வலங்களுக்குத் தொடக்கம்.

மார்ஷாவின் பெருமை கல்லில் இல்லை. அவரும் சில்வியா ரிவேராவும் 1970இல் ஸ்டார் என்ற அமைப்பைத் தொடங்கி, வீட்டைவிட்டுத் துரத்தப்பட்ட பிள்ளைகளுக்குத் தங்க இடமும் சாப்பாடும் கொடுத்தார்கள். இருவருமே வீதியில் வாழ்ந்தவர்கள். வாடகைக்கும் வீதியில் உழைத்த காசுதான்.

அதற்கு முன் ஒன்றும் நடக்கவில்லையா?

நடந்தது. 1965 ஏப்ரலில் பிலடெல்பியாவின் டூயிஸ் உணவகம், ஆண்-பெண் உடை வழக்கத்துக்கு ஒத்துப்போகாதவர்களுக்குச் சாப்பாடு தர மறுத்தது. இளையவர்கள் சிலர் எழும்ப மறுத்து உட்கார்ந்துவிட்டார்கள். 1966 ஆகஸ்ட்டில் சான் பிரான்சிஸ்கோவின் கொம்ப்டன் உணவகத்தில் ஒரு பொலிஸ்காரர் திருநங்கை ஒருவரைப் பிடித்து இழுக்க, அந்தத் திருநங்கை தன் கையிலிருந்த கோப்பியைப் பொலிஸ்காரரின் முகத்தில் ஊற்றினார். சீனிக் குடுவைகள் பறந்தன, கண்ணாடிகள் உடைந்தன. ஸ்டோன்வோலுக்கு மூன்று ஆண்டு முந்தியது இது.

இன்னும் பின்னால் போனால் பேர்லின். மக்னுஸ் ஹிர்ஷ்ஃபெல்ட் என்ற மருத்துவர் 1919இல் அங்கு பாலியல் ஆய்வு நிலையம் ஒன்றைத் தொடங்கினார். திருநர்களுக்கு அங்கே சிகிச்சை கிடைத்தது, வேலையும் கிடைத்தது. 1933 மே 6ஆம் திகதி நாஜி ஆதரவு மாணவர்கள் அதைச் சூறையாடினார்கள். நான்கு நாட்களின் பின் அதன் நூலகம் தெருவில் எரிந்தது. நாஜிகள் புத்தகம் எரிக்கும் படங்களைப் பாடநூலிலோ தொலைக்காட்சியிலோ பார்த்திருப்பீர்கள். அந்த நெருப்பில் போனவற்றில் திருநர்கள் பற்றிய அன்றைய மருத்துவ அறிவின் பெரும்பகுதியும் உண்டு. அறுவைச் சிகிச்சையும் ஹோர்மோன் சிகிச்சையும் "இப்போது வந்த நாகரிகம்" என்று சொல்பவர்களுக்கு இந்த ஆண்டுகளைக் காட்டலாம்.

இயக்கத்துக்குள்ளேயே திருநர்களை ஒதுக்கினார்களா?

ஆம், பல தடவை. 1973இல் நியூயோர்க் பிரைட் மேடையில் சில்வியா ரிவேரா சிறையில் கிடக்கும் தம் மக்களைப் பற்றிப் பேச ஏறியபோது, சொந்தக் கூட்டமே கூச்சலிட்டது. 2007இல் அமெரிக்காவில் வேலைவாய்ப்புப் பாகுபாட்டுக்கு எதிரான சட்டமூலம் வந்தபோது, நிறைவேறுவது எளிதாகட்டும் என்று பால்நிலை அடையாளத்தை அதிலிருந்து எடுத்துவிட்டார்கள். அது பிரதிநிதிகள் சபையைத் தாண்டியும் சட்டமாகவில்லை. கூட இருப்பவரைக் கைவிட்டதுதான் மிச்சம்.

நம் தமிழ் மரபில் திருநர்கள் இருந்தார்களா? இது மேற்கிலிருந்து வந்ததல்லவா?

சிலப்பதிகாரத்தின் கடலாடு காதையில் மாதவி ஆடும் பதினோர் ஆடல்களில் ஒன்று பேடு. காமன் ஆண்மை திரிந்த பெண் கோலத்தில் ஆடியதாகச் சொல்லப்படும் ஆடல் அது. தொல்காப்பியமும் இத்தகையோரை உயர்திணைக்குள் வைத்தே இலக்கணம் சொல்கிறது. பழைய நூல்கள் மதிப்போடு மட்டுமே பேசின என்று நாங்கள் சொல்லவில்லை. இகழ்ச்சியும் அவற்றில் உண்டு. இருப்பு புதிதல்ல என்பதுதான் செய்தி.

தமிழகத்தில் சித்திரை மாதம் கூவாகம் கூத்தாண்டவர் கோயிலில் அரவானுக்குத் தாலி கட்டிக்கொண்டு, மறுநாள் தாலியறுத்து ஒப்பாரி வைக்கும் திருவிழாவை எல்லோரும் அறிவர். மதுரையில் பிறந்த நர்த்தகி நடராஜ் பரதத்துக்காக 2019இல் பத்மஸ்ரீ பெற்றார். அந்த விருதைப் பெற்ற முதல் திருநங்கை அவர்.

மேற்கிலிருந்து வந்தது தண்டனைதான். இந்தியாவில் 1860இன் தண்டனைச் சட்டமும், தன்பாலுறவைக் குற்றமாக்கிய அதன் 377ஆம் பிரிவும். 1871இன் குற்றப்பரம்பரைச் சட்டம் ஹிஜ்ரா எனப்படும் வட இந்தியத் திருநங்கையரைப் பெயர்ப்பதிவு செய்து கண்காணித்தது. இங்கே 1841இன் அலைந்து திரிவோர் கட்டளைச் சட்டமும், 1883இன் தண்டனைச் சட்டக்கோவையும். எல்லாமே பிரித்தானியர் எழுதியவை.

இலங்கையில் திருநராக இருப்பது குற்றமா?

இல்லை. திருநராக இருப்பதையோ, எதிர்ப்பாலின உடை உடுப்பதையோ தடைசெய்யும் சட்டம் எதுவும் இல்லை. சிக்கல் வேறு மூன்று இடங்களில் இருக்கிறது.

தண்டனைச் சட்டக்கோவையின் 365ஆம் பிரிவு "இயற்கைக்கு மாறான" உறவையும், 365ஏ பிரிவு "பாரதூரமான அநாகரிகச்" செயலையும் குற்றமாக்குகின்றன. 1995 திருத்தம் 365ஏயைப் பெண்களுக்கும் பொருந்தச் செய்தது. இரண்டாவது 399ஆம் பிரிவு, ஆள்மாறாட்டம் செய்து ஏமாற்றுதல். அடையாள அட்டையில் ஆண், நேரில் பெண் என்றால் இதைக் காட்டி மிரட்டுகிறார்கள். தன்னைத் தானாகக் காட்டிக்கொள்வது யாரையும் ஏமாற்றுவதல்ல. மூன்றாவது அலைந்து திரிவோர் சட்டம். இரவில் தெருவில் நின்றாலே பிடிக்க இது போதும் என்று நினைக்கிறார்கள்.

2023இல் பாராளுமன்ற உறுப்பினர் பிரேம்நாத் சி. தொலவத்த 365, 365ஏ பிரிவுகளை மாற்றத் தனிநபர் சட்டமூலம் கொண்டுவந்தார். அது அரசியலமைப்புக்கு முரணல்ல என்று உயர் நீதிமன்றம் அந்த ஆண்டு மே மாதம் தீர்மானித்தது. ஆனால் நிறைவேறுவதற்குள் 2024 செப்டம்பரில் பாராளுமன்றம் கலைந்தது, சட்டமூலமும் காலாவதியானது.

இந்தியாவில் சுயபிரகடனம் போதும், மூன்றாம் பாலினம் என்றும் போடலாம் என்கிறார்களே. இங்கும் அப்படியா?

இல்லை. தமிழில் இணையத்தில் தேடினால் வருபவை பெரும்பாலும் இந்தியத் தகவல்கள். அதனால் இந்தக் குழப்பம் ஓயாமல் வருகிறது. மூன்றாம் பாலினத்தை ஏற்ற இந்திய உச்ச நீதிமன்றத்தின் 2014 ஏப்ரல் 15 நால்சா தீர்ப்பு, தமிழகத்தின் 2008 நலவாரியம், திருநங்கையை மணமகளாக ஏற்ற 2019 சென்னை உயர் நீதிமன்ற மதுரைக் கிளைத் தீர்ப்பு எல்லாம் அங்கே பெரிய வெற்றிகள். இங்கே எந்த அலுவலகத்தையும் அவை கட்டுப்படுத்தா. இலங்கையில் மருத்துவரின் சான்றிதழ் வேண்டும். ஆண், பெண் என்ற இரண்டில் ஒன்றுக்குத்தான் மாறலாம்.

சரி, இங்கே ஆவணங்களை மாற்றுவது எப்படி?

2016இல் சுகாதார அமைச்சும் பதிவாளர் நாயகம் திணைக்களமும் வெளியிட்ட சுற்றறிக்கைகளே அடிப்படை. படிகளின் வரிசை முக்கியம்; ஒன்றைத் தாண்டி மற்றதற்குப் போக முடியாது.

முதலில் அரசாங்க வைத்தியசாலையின் மனநல மருத்துவ நிபுணர். அவர்தான் பால்நிலை அங்கீகாரச் சான்றிதழைத் தருபவர். ஒரே நாளில் கிடைக்காது, தொடர்ந்து கிளினிக்குக்குப் போகவேண்டும். ஒவ்வொரு தடவையும் கிளினிக் புத்தகத்தில் பதிவு விழுகிறதா என்று பாருங்கள். வைத்தியர் இடமாற்றம் பெற்றுப் போனால் புதியவர் அந்தப் பதிவுகளை வைத்துத்தான் தொடர்வார். பதிவு இல்லையென்றால் முதலிலிருந்து தொடங்க வேண்டிவரும். சான்றிதழின் வாசகம், நீங்கள் அவருடைய பராமரிப்பில் இருந்ததையும், உணரும் பாலில் சமூகத்தில் வாழ்ந்ததையும், ஹோர்மோன் மற்றும் அறுவைச் சிகிச்சைக்கு அனுப்பப்பட்டதையும் சொல்கிறது. இதை ஒவ்வொரு வைத்தியரும் ஒவ்வொரு விதமாக வாசிக்கிறார்கள். அறுவைச் சிகிச்சை முடிந்திருக்க வேண்டும் என்று ஒருவர் வற்புறுத்தினால், அந்த வாசகத்தைப் பணிவாகச் சுட்டிக்காட்டிக் கேளுங்கள். உடன்படாவிட்டால் வேறு வைத்தியசாலையில் இரண்டாவது கருத்துப் பெறலாம்.

அடுத்தது பிறப்புச் சான்றிதழ். இங்கே பெயரை முடிவுசெய்துகொண்டு போங்கள். தமிழ், சிங்களம், ஆங்கிலம் மூன்றிலும் எழுத்துக்கூட்டலை ஒரு தாளில் எழுதி எடுத்துச் செல்லுங்கள். "ழ" உள்ள பெயர் ஆங்கிலத்தில் இரண்டு மூன்று விதமாக எழுதப்படும். பிறப்புச் சான்றிதழில் ஒன்று, கடவுச்சீட்டில் ஒன்று என்றாகிவிட்டால் பிறகு சத்தியக்கடதாசி முடித்துத்தான் சரிசெய்யலாம். தகப்பன் பெயரின் முதலெழுத்தை வைத்திருப்பதா என்பதையும் அப்போதே தீர்மானியுங்கள்.

மூன்றாவது தேசிய அடையாள அட்டை. பலர் தயங்கி நிற்பது இங்கேதான். விண்ணப்பம் கிராம உத்தியோகத்தர் வழியாகப் போகவேண்டும். கொழும்பில் வாடகை அறையில் இருந்தாலும் பதிவு ஹட்டனிலோ மட்டக்களப்பிலோ இருந்தால், அந்த ஊர் உத்தியோகத்தரிடம் போகவேண்டி வரும். வீட்டுக்குச் சொல்லாத விடயம் அவர் வாயிலாக ஊருக்குப் போய்விடுமோ என்ற பயம் நியாயமானது. முடிந்தால் முதலில் வாக்காளர் பதிவைக் கொழும்பு முகவரிக்கு மாற்றிக்கொண்டு, பிறகு விண்ணப்பியுங்கள். ஆண்டுக்கொரு முறை நடக்கும் வாக்காளர் மீளாய்வுக்குக் காத்திருக்க நேரும் என்பதால் இதை ஆரம்பத்திலேயே செய்துவிடுவது நல்லது.

அடையாள அட்டையின் எண்ணிலேயே பால் இருக்கிறது என்பது பலருக்குத் தெரியாது. பன்னிரண்டு இலக்க எண்ணில் முதல் நான்கு பிறந்த ஆண்டு, அடுத்த மூன்று ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது. பெண்ணென்றால் அந்த நாளோடு 500ஐக் கூட்டுவார்கள். 1995 மார்ச் 1ஆம் திகதி பிறந்த ஆணின் எண் 1995061 என்றும், பெண்ணின் எண் 1995561 என்றும் தொடங்கும். (பெப்ரவரியை எப்போதும் 29 நாளாகவே கணக்கிடுகிறார்கள்.) எண் மாறினால் வங்கிக் கணக்கு, ஊழியர் சேமலாப நிதி, தொலைபேசி சிம், சாரதி அனுமதிப்பத்திரம் எல்லாம் பழைய எண்ணிலேயே நிற்கும். எனவே பழைய அட்டையை ஒப்படைக்குமுன் இரண்டு பக்கமும் தெளிவாகப் பிரதி எடுத்து, பழைய பிறப்புச் சான்றிதழின் பிரதியோடு ஒரே கோப்பில் வையுங்கள். சேமலாப நிதியை முதலில் சரிசெய்யுங்கள். வேலை மாறிய பிறகு பழைய முதலாளியிடம் கடிதம் வாங்குவது பெரும்பாடு.

கடவுச்சீட்டு, பாடசாலை விடுகைப் பத்திரம், பரீட்சைத் திணைக்களச் சான்றிதழ்கள் எல்லாம் இதற்குப் பிறகு.

பொலிஸ் மறித்தால் என்ன செய்வது?

காரணத்தைக் கேளுங்கள், சொல்லவேண்டியது அவர்களுடைய கடமை. பிடியாணையின்றிக் கைதுசெய்தால் 24 மணித்தியாலத்துக்குள் நீதவான் முன் நிறுத்தவேண்டும். பெயரையும் நிலையத்தையும் ஒருவருக்காவது அழைத்துச் சொல்லிவிடுங்கள்.

தமிழ் பேசுவோருக்குக் கொழும்பில் கூடுதலான ஓர் ஆபத்து வாக்குமூலம். சிங்களத்தில் எழுதி "கையெழுத்துப் போடு" என்பார்கள். தமிழும் அரசகரும மொழி. தமிழில் எழுதித் தரும்படி கேளுங்கள். ஆள் இல்லை என்றால், வாசித்துத் தமிழில் விளக்கும்வரை கையெழுத்திடாதீர்கள். செய்யாத ஒன்றை ஒப்புக்கொண்டால் "இன்றே விட்டுவிடுவோம்" என்று சொன்னால் நம்பவேண்டாம். அந்த ஒப்புதல் அடுத்த தடவை உங்களுக்கு எதிராக வரும்.

மனித உரிமைகள் ஆணைக்குழுவின் அவசர இலக்கம் 1996. முறைப்பாட்டை ஒரு மாதத்துக்குள் கொடுங்கள். உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு போடவும் ஒரு மாதமே கெடு; ஆணைக்குழுவில் அந்தக் காலத்துக்குள் முறையிட்டால், விசாரணை நடக்கும் நாட்கள் அந்தக் கெடுவில் சேராது. பலர் மனம் தேறி வருவதற்குள் அந்த ஒரு மாதம் போய்விடுகிறது.

இது மனநோயா?

இல்லை. உலக சுகாதார நிறுவனம் 2019இல் ஏற்று 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த நோய் வகைப்படுத்தலில், மனநோய் அத்தியாயத்திலிருந்து இதை எடுத்துவிட்டது.

கருத்தடை மாத்திரையை ஹோர்மோனாகப் பாவிக்கலாமா?

வேண்டாம். பாமசியில் எளிதாகக் கிடைப்பதால் பல திருநங்கைகள் அதைத்தான் நாடுகிறார்கள். அதிலுள்ள எதினைல் எஸ்ட்ரடையோல் இரத்தக் கட்டியை உண்டாக்கும் வாய்ப்பு அதிகம். மாத்திரையைக் கூட்டக் கூட்ட ஆபத்தும் கூடும், புகைப்பவர்களுக்கு இன்னும் மோசம். ஒரு காலில் மட்டும் வீக்கமும் வலியும் வந்தாலோ, திடீரென மூச்சு முட்டினாலோ உடனே வைத்தியசாலைக்குப் போங்கள், எடுத்த மாத்திரையை மறைக்காமல் சொல்லுங்கள். உட்சுரப்பியல் நிபுணர் தரும் சிகிச்சையில் முதல் ஆண்டு ஏறக்குறைய மூன்று மாதத்துக்கு ஒருமுறை இரத்தப் பரிசோதனை இருக்கும். ஈஸ்ட்ரஜன் குரலை மாற்றாது. திருநம்பிகள் எடுக்கும் டெஸ்டோஸ்டிரோனால் தடித்த குரல், நிறுத்தினாலும் பழையபடி ஆகாது.

கொழும்பில் இந்த இயக்கம் எப்போது தொடங்கியது?

கம்பேனியன்ஸ் ஒன் எ ஜேர்னி என்ற அமைப்பு 1995இல், ஈக்குவல் கிரவுண்ட் என்ற அமைப்பு 2004இல். முதல் கொழும்பு பிரைட் 2005இல். ஆனால் அமைப்புகளுக்கு முன்பே நாச்சி என்று தம்மை அழைத்துக்கொள்ளும் மக்கள் இந்த நகரத்தில் கூடி வாழ்ந்துவந்தார்கள். 2022 ஜூன் 25ஆம் திகதி, அறகலய நடந்த காலிமுகத்திடலில் பிரைட் ஊர்வலம் பகிரங்கமாகத் தெருவில் போனது. எரிபொருள் வரிசையில் நின்ற நாடு அதைப் பார்த்தது.

கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. தன்பாலீர்ப்பாளருக்கு எதிரான 365ஏ இன்னும் நிற்க, திருநர்களுக்கான சான்றிதழ் 2016இலேயே கிடைத்தது. கைதும் அவமானமும் தாங்கியவர்கள் வைத்தியர்களிடமும் அதிகாரிகளிடமும் விடாமல் ஏறி இறங்கி வாங்கிய ஏற்பாடு அது. குறையுள்ளதுதான், ஆனாலும் அரசு இந்தச் சமூகத்தின் கையில் கொடுத்த முதல் கடதாசி.

திருநர் கொடியை நாமே தைக்கலாமா?

தைக்கலாம். மொனிக்கா ஹெல்ம்ஸ் 1999இல் வடிவமைத்தது: இளநீலம், இளஞ்சிவப்பு, வெள்ளை, இளஞ்சிவப்பு, இளநீலம். தலைகீழாகப் பிடித்தாலும் ஒன்றுதான்.

90க்கு 150 சென்டிமீற்றர் கொடிக்கு ஒவ்வொரு பட்டையும் 18 செ.மீ. தெரியவேண்டும். 20 செ.மீ. அகலத்தில் வெட்டுங்கள்; இரு பக்கமும் 1 செ.மீ. தையலுக்கும் மடிப்புக்கும் போகும். நீளம் 156 செ.மீ.; கம்பு நுழையும் பக்கம் 4 செ.மீ., மறு பக்கம் 2 செ.மீ. மடிப்பு. புறக்கோட்டையில் சட்டின் மலிவு, ஆனால் ஓரம் நூல் நூலாகப் பிரிந்துவிடும். மெல்லிய பொலியெஸ்டர் நல்லது. ஜூன் மாதம் தென்மேற்குப் பருவக்காற்று. பருத்தி நனைந்தால் தொங்கிவிடும், நீலச் சாயம் வெள்ளைக்கு இறங்கிவிடும். துணியை முதலில் நனைத்துப் பாருங்கள்.

நம் மூத்த திருநங்கைகளின் கதைகளையும் படங்களையும் சேகரிக்க விரும்புகிறோம். எப்படி?

கட்டாயம் செய்யுங்கள். நியூயோர்க்கின் ஓர் இரவைப் பற்றி நமக்குத் தெரிந்த அளவுக்கு, கொழும்பில் தமிழ் பேசி வாழ்ந்த திருநங்கைகளைப் பற்றித் தெரியாது. எழுதி வைக்க ஆளில்லாமல் போனதுதான் காரணம்.

சம்மதத்தை இரண்டாகப் பிரித்துக் கேளுங்கள்: பதிவுசெய்யச் சம்மதமா, வெளியிடச் சம்மதமா. முதலாவதுக்கு ஆம் என்பவர் இரண்டாவதுக்கு இல்லை எனலாம். வாசிக்கத் தெரியாதவரென்றால் சம்மதத்தையும் குரலிலேயே பதியுங்கள். பிறந்தபோது வைத்த பெயரைக் கேட்காதீர்கள். காதலர், துணைவர் பெயர்களைப் பதிவில் சொல்லவேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்; 365ஏ இருக்கும்வரை அது இன்னொருவருக்கு எதிரான சாட்சியாகலாம். "எந்த வருடம் கொழும்புக்கு வந்தீர்கள், யார் முதலில் சேர்த்துக்கொண்டார்கள், சேலை எங்கே வாங்கினீர்கள், எந்தக் கோயிலுக்குப் போவீர்கள்" போன்ற கேள்விகள் நல்ல பதில்களைக் கொண்டுவரும். "உங்கள் கஷ்டத்தைச் சொல்லுங்கள்" என்று தொடங்கினால், தொண்டு நிறுவனங்களுக்குச் சொல்லிப் பழகிய அதே பத்து நிமிடக் கதைதான் வரும்.

தொலைபேசியை விமானப் பயன்முறையில் போட்டு, மின்விசிறியை நிறுத்தி, பேசுபவரிடமிருந்து ஒரு முழத் தூரத்தில் துணி விரித்து அதன்மேல் வையுங்கள். கோப்புக்குப் பெயர் வைக்காமல் எண் கொடுங்கள். எண்ணுக்குரிய பெயர் தனித் தாளில், வேறு வீட்டில் இருக்கட்டும்.

பழைய படங்களை லெமினேட் செய்யாதீர்கள். சூட்டில் படலம் உருகி ஒட்டிக்கொண்டால் பிறகு பிரிக்கவே முடியாது. பசை ஒட்டும் அல்பங்களும் கொழும்பு ஈரப்பதத்தில் படத்தைப் பிடித்துக்கொள்ளும். தபாலட்டையளவுப் படத்தை 600 டிபிஐயில் ஸ்கேன் செய்து, பின்புறத்தில் குமிழ்முனைப் பேனாவால் அன்றி மென்மையான பென்சிலால் எண்ணை எழுதி, அமிலமற்ற காகித உறையில் இட்டு உரியவரிடமே திருப்பிக் கொடுங்கள். வெளியிடும் பிரதியிலிருந்து இடத் தகவலை நீக்கிவிடுங்கள். வட்ஸ்அப்பில் "ஆவணம்" என்று அனுப்பினால் அது அப்படியே போகும். ஒலிப்பதிவின் மூன்று பிரதிகளில் ஒன்று பேசியவருக்குரியது. அவருக்குக் கணினி இல்லையென்றால், அவருடைய தொலைபேசியின் நினைவக அட்டையில் ஏற்றி, எப்படித் திறந்து கேட்பது என்று காட்டிவிட்டு வாருங்கள்.